கிறிம் சகோதரர் கதைகளும் எட்கார் ரெயிலரும்

மூலநூலின் வழியே மொழிபெயர்ப்புச் செல்லும் என்பது யாவரும் அறிந்தது. மொழிபெயர்ப்பொன்று மூலநூலாசிரியரையே புதுவழியில் திருப்பியமை அரிதாகக் காணப்படுவது. 1823ஆம் ஆண்டு இலண்டனில் வெளியான ஜேர்மன் நாட்டார் கதைகளின் ஆங்கில மொழிபெயர்ப்பு அவ்வகையைச் சேர்ந்தது.

நூலின் முகப்பில் மொழிபெயர்த்தவர் பெயர் இல்லை. அவர் நோர்போக்கிற் பிறந்த எட்கார் ரெயிலர் (1793–1839) என்னும் சட்டத்தரணி. தொழிலுக்கிடையே பிறமொழி இலக்கியங்களில் ஈடுபட்டவர்.

யாக்கோபு, வில்லெம் என்னும் கிறிம் சகோதரர் 1812இலும் 1815இலும் இரு பாகங்களாக வெளியிட்ட தொகுதி, பெயரளவிற் சிறுவர்க்குரியது. அமைப்பிலோ ஆராய்ச்சி நூல். அம்முதற் பதிப்பிற் படங்கள் இல்லை, குறிப்புரைகள் மலிந்திருந்தன. ரெயிலரோ சிறுவர்க்கு ஏற்ற கதைகளையே தெரிந்தெடுத்தார். ஜோர்ஜ் குரூக்சாங்க் வரைந்த நகைச்சுவை மிக்க படங்கள் நூலுக்கு உயிரூட்டின.

அவர் செய்த மாற்றங்களும் சிலவல்ல. தவளை அரசன் கதையில் அரசிளங்குமரி சினங்கொண்டு தவளையைச் சுவரில் எறிகிறாள். எறிந்ததும் அது அரசகுமாரனாகிறது. ரெயிலர் நூலில் எறிதல் இல்லை. தவளை மூன்று இரவுகள் அவளருகே துயின்று உருமாறுகிறது. இது முற்றும் அவர் கற்பனையன்று. சகோதரர் 1815இல் வெளியிட்ட வேறொரு கதைவடிவின் சாயல் அதில் உண்டு. பனிவெண்மகள் கதையின் முடிவை மாற்றியதற்கு அத்தகைய ஆதரவு இல்லை. மூலத்திலே கொடிய அரசி பழுக்கக் காய்ச்சிய இரும்புச் செருப்பணிந்து சாகும்வரை ஆடுகிறாள். ரெயிலர் நூலிலோ ஆத்திரத்தால் மூச்சடைத்து, நோயுற்று இறக்கிறாள். சிறுவர் நெஞ்சம் கருதிச் செய்ததெனினும், பிறர் சேகரித்த வாய்மொழிக் கதையில் இவ்வளவு கைவைத்தல் தகுமோ என்னும் ஐயம் எழவே செய்யும். இந்நூலின் 1868ஆம் ஆண்டுப் பதிப்புக்கு முன்னுரை எழுதிய ஜோன் ரஸ்கின், பழங்கதைகளை நீதி புகட்டும் பொருட்டுத் திருத்துவோரைக் கண்டித்தார்! திருத்தப்பட்ட நூலொன்றின் முகப்பிலேயே அக்கண்டனம் இடம்பெற்றது.

ஆயினும் சகோதரர் சினக்கவில்லை. ரெயிலர் தம் நூலை அவர்களுக்கு அனுப்பினார். கடிதத் தொடர்பும் ஏற்பட்டது. இலண்டனில் அந்நூல் பெற்ற வரவேற்பைக் கண்ட வில்லெம், அதனை எடுத்துக்காட்டித் தம் பதிப்பாளரிடம் சிறுபதிப்பொன்றை வேண்டினார். ஐம்பது கதைகளும் தம்பி லூட்விக் எமில் வரைந்த ஏழு படங்களும் கொண்ட அப்பதிப்பு 1825இல் வெளிவந்து, 1858க்குள் பத்துமுறை அச்சேறியது. பெரும்பதிப்பு எட்டாத வீடுகளிலும் கிறிம் கதைகளைக் கொண்டு சேர்த்தது இச்சிறுநூலே.

அவ்வைம்பதில் பனிவெண்மகள் கதையும் உண்டு. இரும்புச் செருப்பை மட்டும் வில்லெம் எடுத்துவிடவில்லை.