திருவண்ணாமலை: ஆறில்லா ஊரின் நீர் வரலாறும் பொதுச் சேவைகளும்

திருவண்ணாமலை தமிழ்நாட்டின் வடபகுதியில் உள்ள கோயில் நகரம். திருவண்ணாமலை மாவட்டத்தின் தலைநகரம். பஞ்சபூதத் தலங்களுள் நெருப்புக்கு உரிய தலமாக இது போற்றப்படுகிறது. ஊரைப் பற்றிய பெரும்பாலான நூல்கள் மலையையும் கோயிலையும் தீபத்தையும் விரிவாகப் பேசுகின்றன. இவ்வூர் தண்ணீருக்கு என்ன செய்தது என்பதும் அதே அளவுக்கு முக்கியமான வரலாறே. காவிரிக்கரையில் திருச்சியும் வைகைக்கரையில் மதுரையும் அமைந்திருப்பதைப் போல் திருவண்ணாமலை எந்தப் பேராற்றின் கரையிலும் அமையவில்லை. ஏரி, குளம், கிணறு ஆகியவற்றை நம்பியே பல நூற்றாண்டுகள் இவ்வூர் வாழ்ந்தது. இன்று தொலைவில் ஓடும் தென்பெண்ணையின் நீர் குழாய் வழியாக நகருக்கு வருகிறது. இக்கட்டுரை நகரின் வரலாற்றையும் அதன் பொதுச் சேவைகள் வளர்ந்த முறையையும், குறிப்பாக ரமணாசிரமம் அமைந்துள்ள செங்கம் சாலைப் பகுதியையும் விளக்குகிறது.

அமைவிடம்

நகரம் அண்ணாமலை மலையின் கிழக்கு அடிவாரத்தில் தொடங்கி நான்கு திசைகளிலும் பரவியுள்ளது. மலையின் உயரம் ஏறத்தாழ 2,668 அடி. மலையைச் சுற்றி வரும் பாதையின் நீளம் 14 கிலோமீட்டர். இப்பாதையில் இந்திர லிங்கம் முதல் ஈசானிய லிங்கம் வரை எட்டுத் திசைகளுக்கும் எட்டு லிங்கக் கோயில்கள் உள்ளன. அக்னி லிங்கத்தைக் கடந்து செங்கம் சாலையில் மேற்கு நோக்கிச் சென்றால் சேஷாத்திரி சுவாமிகள் ஆசிரமமும், அதை அடுத்து ரமணாசிரமமும் வருகின்றன.

தென்பெண்ணை ஆறு கர்நாடகத்தின் நந்தி மலைப் பகுதியில் தோன்றி, கிருஷ்ணகிரி, தருமபுரி, திருவண்ணாமலை மாவட்டங்களைக் கடந்து கடலூர் அருகே வங்கக் கடலில் கலக்கிறது. இது நகருக்குத் தெற்கே, மணலூர்பேட்டை, திருக்கோவிலூர் வழியாகச் செல்கிறது. வடக்கே கலசபாக்கம் வழியாகச் செய்யாறு ஓடுகிறது. இரண்டுக்கும் நடுவே மலையடிவாரத்தில் நகரம் அமைந்துள்ளது.

ஆற்றைத் தேடிச் செல்லும் இறைவன்

ஊரில் ஆறு இல்லை என்பதைக் கோயில் விழாக்களே காட்டுகின்றன. பொதுவாக ஆற்றங்கரைக் கோயில்களில் சுவாமி ஊர் எல்லைக்குள்ளேயே தீர்த்தவாரி காண்பார். அண்ணாமலையாரோ பல கிலோமீட்டர் பயணம் செய்து ஆற்றுக்குச் செல்கிறார். தை மாதத்தில் தென்பெண்ணைக் கரையில் உள்ள மணலூர்பேட்டைக்கும், ரதசப்தமி அன்று செய்யாற்றங்கரையில் உள்ள கலசபாக்கத்துக்கும், மாசி மகத்தன்று பள்ளிகொண்டாப்பட்டில் கௌதம நதிக் கரைக்கும் சுவாமி எழுந்தருள்கிறார்.

இவற்றுள் மாசி மகத் தீர்த்தவாரி வல்லாள மகாராஜாவுக்கு அண்ணாமலையாரே மகனாக இருந்து ஈமக்கடன் செய்யும் நிகழ்ச்சியாக நடக்கிறது. மகப்பேறு இல்லாத மன்னனுக்கு இறைவனே மகனானான் என்பது தலபுராணச் செய்தி. இம்மரபால் நகரத்துக்கும் சுற்றுப்புற ஆற்றங்கரைச் சிற்றூர்களுக்கும் இடையே ஆண்டுதோறும் உறவு புதுப்பிக்கப்படுகிறது. வழியில் உள்ள ஊர் மக்கள் தங்கள் வாசலிலேயே சுவாமியை வரவேற்கிறார்கள்.

மன்னர்கள் காலம்

தேவாரம் பாடிய அப்பரும் சம்பந்தரும் இத்தலத்தைப் பாடியுள்ளனர். சோழர் காலக் கல்வெட்டுகள் கோயிலில் காணப்படுகின்றன. 14ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் போசள மன்னர் மூன்றாம் வீர வல்லாளர் திருவண்ணாமலையைத் தம் தலைநகராகக் கொண்டிருந்தார். மதுரை சுல்தான்களோடு நடந்த போரில் 1342இல் அவர் உயிர் துறந்தார். கோயிலில் வல்லாள கோபுரம் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

விசயநகரப் பேரரசர் கிருஷ்ணதேவராயர் 16ஆம் நூற்றாண்டில் ஆயிரங்கால் மண்டபத்தையும் அதன் எதிரே உள்ள சிவகங்கைத் தீர்த்தத்தையும் அமைத்தார். 217 அடி உயரமுள்ள கிழக்கு இராசகோபுரத்தைக் கட்டத் தொடங்கியவரும் அவரே. பதினொரு நிலைகள் கொண்ட அக்கோபுரத்தைத் தஞ்சை நாயக்க மன்னர் செவ்வப்ப நாயக்கர் நிறைவு செய்தார். ஒரே மன்னர் மண்டபமும் குளமும் கோபுரமும் சேர்த்தே திட்டமிட்டார் என்பது கவனிக்கத்தக்கது. விழாவுக்கு மக்கள் திரளும் ஊரில் நிழலும் நீரும் இன்றியமையாதவை என்பதை அக்கால ஆட்சியாளர்கள் அறிந்திருந்தனர்.

18ஆம் நூற்றாண்டில் இவ்வூர் போர்களின் நடுவே சிக்கியது. 1767ஆம் ஆண்டு செப்டம்பரில் செங்கத்திலும் திருவண்ணாமலையிலும் ஹைதர் அலி, நிஜாம் ஆகியோரின் கூட்டுப் படைக்கும் ஆங்கிலேயத் தளபதி ஸ்மித்தின் படைக்கும் போர் நடந்தது. பின்னர் திப்பு சுல்தானின் படைகளும் இங்கு வந்தன. மைசூர்ப் பீடபூமியிலிருந்து செங்கம் கணவாய் வழியே இறங்கும் பாதையில் இவ்வூர் அமைந்திருந்ததே இதற்குக் காரணம். அன்று படைகள் வந்த அந்தச் செங்கம் வழியிலேதான் இன்று ஆசிரமங்களும் விடுதிகளும் வரிசையாக நிற்கின்றன.

ஏரிகளும் குளங்களும்

பேராறு இல்லாத ஊரில் மலையே நீர்ப்பிடிப்புப் பகுதி ஆயிற்று. வடகிழக்குப் பருவமழை பெய்யும்போது மலைச் சரிவில் வழியும் நீர் ஓடைகளாக இறங்கி அடிவாரக் குளங்களை நிரப்பும். குளம் நிரம்பினால் மிகுநீர் கலங்கல் வழியாக அடுத்த குளத்துக்கோ ஏரிக்கோ செல்லும். இவ்வாறு நீர்நிலைகள் சங்கிலிபோல் இணைந்திருந்தன. அவற்றுள் ஒன்றின் வரத்துக்கால்வாய் அடைபட்டாலும் அடுத்தது வறண்டுவிடும்.

கிரிவலப் பாதையில் பல தீர்த்தங்கள் உள்ளன. ஊருக்குள் அய்யங்குளம், தாமரைக் குளம் ஆகியவை அறியப்பட்டவை. ரமணாசிரமத்தை ஒட்டிப் பாலி தீர்த்தம் உள்ளது. அதற்கு அப்பால் சமுத்திரம் ஏரி விரிந்து கிடக்கிறது. ஏரிக்குக் கடலின் பெயரையே வைத்திருப்பதிலிருந்து, கடலைக் காணாத உள்நாட்டு மக்களுக்கு அந்நீர்ப்பரப்பு எவ்வளவு பெரிதாகத் தோன்றியிருக்கும் என்பதை உணரலாம். நகரின் குடிநீர் ஆதாரங்களில் இந்த ஏரியும் ஒன்றாக இருந்து வருகிறது.

நகராட்சியும் இரயிலும்

1886ஆம் ஆண்டு திருவண்ணாமலை நகராட்சி அமைக்கப்பட்டது. ரிப்பன் பிரபு காலத்தில் உள்ளாட்சி அமைப்புகளுக்கு ஊக்கம் அளிக்கப்பட்டதன் தொடர்ச்சியாகச் சென்னை மாகாணத்தின் பல ஊர்கள் நகராட்சிகளான காலம் அது. தெருவிளக்கு, துப்புரவு, சாலை, பள்ளி, தொற்றுநோய்த் தடுப்பு ஆகியவை நகராட்சியின் கடமைகள் ஆயின. இலட்சக்கணக்கானோர் கூடும் திருவிழா ஊரில் காலரா போன்ற நோய்களைத் தடுப்பது எளிய வேலை அன்று. நல்ல குடிநீரும் கழிவகற்றலும் உயிர்காக்கும் சேவைகளாக விளங்கின.

விழுப்புரம் – காட்பாடி மீட்டர் பாதை இவ்வூரை மாகாணத்தின் பிற பகுதிகளோடு இணைத்தது. மதுரையிலிருந்து வீட்டைவிட்டுப் புறப்பட்ட வேங்கடராமன் என்ற பதினாறு வயதுச் சிறுவன் இறுதிக்கட்டப் பயணத்தை இந்தப் பாதையில் மேற்கொண்டு 1896ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் நாள் திருவண்ணாமலை வந்து சேர்ந்தார். அவரே பின்னாளில் இரமண மகரிஷி என அறியப்பட்டவர். இப்பாதை 2010ஆம் ஆண்டு வாக்கில் அகலப்பாதையாக மாற்றப்பட்டது. திண்டிவனத்திலிருந்து செஞ்சி வழியாகத் திருவண்ணாமலைக்குப் புதிய பாதை அமைக்கும் திட்டம் ஒப்புதல் பெற்றும் ஆண்டுக்கணக்கில் முடியாமல் இருக்கிறது. இதனால் சென்னையிலிருந்து வருவோரில் பெரும்பாலோர் பேருந்தையே நம்பியுள்ளனர்.

ரமணாசிரமம் பகுதி உருவான விதம்

இரமணர் தொடக்கத்தில் கோயிலிலும், பின்னர் மலையில் விரூபாட்ச குகையிலும் கந்தாசிரமத்திலும் வாழ்ந்தார். அவருடைய தாயார் அழகம்மாள் 1922ஆம் ஆண்டு மே 19ஆம் நாள் மறைந்தார். மலையின் தெற்கு அடிவாரத்தில், பாலி தீர்த்தத்தின் அருகில் அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது. அவ்வாண்டு இறுதியில் இரமணரும் அங்கேயே தங்கிவிட்டார். அடக்க இடத்தின் மீது இருந்த ஓலைக் குடிலிலிருந்து ஆசிரமம் வளர்ந்தது.

அந்தக் காலத்தில் இப்பகுதி ஊருக்கு வெளியே இருந்த தனி இடம். 1934இல் பால் பிரண்டன் எழுதிய நூல் வெளிவந்த பிறகு வெளிநாட்டவர் வருகை கூடியது. 1938இல் ஆங்கில எழுத்தாளர் சாமர்செட் மாம் இங்கு வந்து சென்றார். 1950ஆம் ஆண்டு ஏப்ரல் 14ஆம் நாள் இரமணர் மறைந்தார். அதன் பின்னும் இப்பகுதி தளரவில்லை. ஆசிரமத்தைச் சுற்றி வீடுகள், தங்கும் விடுதிகள், உணவகங்கள், புத்தகக் கடைகள் எனப் புறநகர் ஒன்று எழுந்தது. ஆசிரமம் நாள்தோறும் ஏழைகளுக்கு உணவளிக்கிறது. இலவச மருந்தகமும் நடத்துகிறது.

இவ்வாறு வளரும் புறநகர்களில் ஒரு சிக்கல் உண்டு. கட்டடங்கள் நகரத்தைப் போல் பெருகுகின்றன. நிருவாகமோ ஊராட்சி அளவிலேயே இருக்கிறது. நகராட்சி எல்லைக்கு வெளியே கட்டப்படும் வீட்டுக்கு ஆழ்துளைக் கிணறும் கழிவுநீர்த் தொட்டியுமே வழி. கிணறு ஆழமாகும்போது பக்கத்து வயலின் கிணறு வற்றுகிறது; கழிவுத் தொட்டி கசிந்தால் நிலத்தடி நீர் கெடுகிறது.

சாத்தனூர் அணை

விடுதலைக்குப் பின் நகரின் நீர் வரலாற்றில் பெரிய திருப்பம் சாத்தனூர் அணை. காமராசர் முதலமைச்சராக இருந்தபோது, தண்டராம்பட்டு அருகே தென்பெண்ணையின் குறுக்கே கட்டப்பட்ட இந்த அணை 1958இல் பயன்பாட்டுக்கு வந்தது. இதன் நீர்மட்ட உயரம் 119 அடி. கொள்ளளவு 7,321 மில்லியன் கன அடி. பாசனத்துக்காகக் கட்டப்பட்ட அணையே பிற்காலத்தில் திருவண்ணாமலை நகருக்குக் குடிநீரும் தந்தது. ஆற்றங்கரையில் இல்லாத நகரம் ஆற்று நீரைக் குடிக்கத் தொடங்கியது.

குழாயில் நீர் வந்ததும் மக்களின் பார்வை மாறியது. குளத்தைத் தூர்வாராவிட்டால் குடிக்க நீரில்லை என்ற அச்சம் அகன்றது. வரத்துக்கால்வாய்களில் வீடுகள் எழுந்தன. குளங்களில் கழிவுநீர் சேர்ந்தது. அண்மைக் காலத்தில் குளங்களைச் சீரமைக்கும் பணிகள் மீண்டும் நடக்கின்றன. 1980களின் இறுதியிலிருந்து தன்னார்வலர்கள் மொட்டையாக இருந்த மலைச்சரிவில் மரக்கன்றுகளை நட்டுக் காத்து வருகின்றனர். மரம் வேர்விட்ட சரிவில் மழைநீர் வேகம் குறைந்து இறங்குகிறது. மண் அரிப்பும் குறைகிறது. கோடையில் காட்டுத்தீ பரவாமல் தடுக்கத் தீத்தடுப்புக் கோடுகள் அமைப்பதும் இப்பணியின் ஒரு பகுதியாகும்.

மாவட்டத் தலைநகர் முதல் மாநகராட்சி வரை

1989ஆம் ஆண்டு செப்டம்பர் 30ஆம் நாள் வட ஆர்க்காடு மாவட்டம் பிரிக்கப்பட்டு, திருவண்ணாமலை தனி மாவட்டத்தின் தலைநகர் ஆனது. முன்பு வேலூர் வரை செல்ல வேண்டியிருந்த அலுவலக வேலைகள் உள்ளூரிலேயே முடிந்தன. மாவட்ட ஆட்சியர் அலுவலகம் வேங்கிக்காலில் அமைந்ததால் நகரம் அத்திசையிலும் விரிந்தது. 1966இல் தொடங்கிய அரசு கலைக் கல்லூரி கிராமப்புற மாணவர்களுக்கு உயர்கல்வி வாயிலைத் திறந்தது. பின்னர் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும் ஏற்பட்டது.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி நகராட்சி எல்லையில் 1,45,278 பேர் வசித்தனர். 2024ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் திருவண்ணாமலை மாநகராட்சி ஆனது. புதுக்கோட்டை, நாமக்கல், காரைக்குடி ஆகியவையும் அப்போதே மாநகராட்சிகள் ஆயின. சுற்றியுள்ள ஊராட்சிகளை இணைப்பது இம்மாற்றத்தின் முக்கியக் கூறு. இணைப்பால் குழாய் நீர், புதைசாக்கடை, தெருவிளக்கு ஆகியவை புறநகருக்கும் வரும் என்பது ஒரு தரப்பின் எதிர்பார்ப்பு. வரி உயரும், ஊரக வேலை உறுதித் திட்டத்தில் கிடைக்கும் வேலை நின்றுவிடும் என்பது கிராம மக்களின் கவலை. இரண்டுமே நியாயமானவை.

நகரின் சேவைகளை உள்ளூர் மக்கள்தொகையை மட்டும் வைத்துத் திட்டமிட முடியாது. பௌர்ணமிதோறும் இலட்சக்கணக்கானோர் கிரிவலம் வருகின்றனர். கார்த்திகைத் தீபத்தன்று எண்ணிக்கை பன்மடங்காகிறது. ஒரே இரவில் நகரின் மக்கள்தொகையைவிடப் பெரிய கூட்டத்துக்குக் குடிநீர், கழிப்பறை, பேருந்து, மருத்துவ உதவி ஆகியவற்றை அளிக்க வேண்டும். மறுநாள் 14 கிலோமீட்டர் பாதையில் சேர்ந்த குப்பையைத் துப்புரவுப் பணியாளர்கள் அகற்ற வேண்டும். விழாவின் வெற்றி பெரிதும் அவர்கள் உழைப்பைப் பொறுத்தது.

2024 டிசம்பர்: மலையும் ஆறும்

2024ஆம் ஆண்டு நவம்பர் 30ஆம் நாள் இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. தொடர்ந்து பெய்த பெருமழையில் டிசம்பர் 1ஆம் நாள் மாலை அண்ணாமலை மலையின் அடிவாரத்தில் வ.உ.சி. நகரில் மண் சரிந்து, பாறை உருண்டு ஒரு வீட்டின் மீது விழுந்தது. ஐந்து குழந்தைகள் உட்பட ஏழு பேர் உயிரிழந்தனர். மறுநாள் அதிகாலையில் சாத்தனூர் அணையிலிருந்து வினாடிக்கு ஏறத்தாழ 1.68 லட்சம் கன அடி நீர் திறக்கப்பட்டது. தென்பெண்ணைக் கரையோர ஊர்கள் வெள்ளத்தில் மூழ்கின. அகரம்பள்ளிப்பட்டு – தொண்டமானூர் இடையே சில மாதங்களுக்கு முன்புதான் திறக்கப்பட்ட உயர்மட்டப் பாலம் அடித்துச் செல்லப்பட்டது.

அதே மாதம் 13ஆம் நாள் கார்த்திகைத் தீபம். வல்லுநர் குழு மலையை ஆய்வு செய்த பின், அவ்வாண்டு பக்தர்கள் மலையேற அனுமதிக்கப்படவில்லை. தீபக் கொப்பரையையும் நெய்யையும் கொண்டு செல்வோர் மட்டும் ஏறினர். தீபம் வழக்கம்போல் ஏற்றப்பட்டது. மக்கள் அடிவாரத்தில் நின்று வணங்கினர்.

மலைச்சரிவில் வீடு கட்டியவர்கள் பெரும்பாலும் வேறிடத்தில் மனை வாங்க வசதியற்றவர்கள். ஆக்கிரமிப்பை அகற்றுவது என்று மட்டும் சொன்னால் போதாது. பாதுகாப்பான மாற்று வீடு, அதே பகுதியில் வேலைக்குச் செல்லும் வசதி, குழந்தைகளின் பள்ளி ஆகியவற்றையும் சேர்த்தே திட்டமிட வேண்டும். மழைநீர் இறங்கும் பழைய ஓடைகளை வரைபடத்தில் குறித்து, அவற்றில் கட்டடம் எழாமல் காப்பது புதிய மாநகராட்சியின் முதன்மையான கடமையாகும். மழைக்காலத்தில் சரிவுப் பகுதி மக்களுக்கு முன்கூட்டியே எச்சரிக்கை தருவதும் குடிநீர் வழங்குவதைப் போன்ற ஒரு பொதுச் சேவையே.

மன்னர் காலத்தில் குளம் வெட்டியவர்களும், 1886இல் நகராட்சி அமைத்தவர்களும், 1958இல் அணை கட்டியவர்களும் தம் காலத்தின் தேவையை அறிந்து செயல்பட்டனர். இன்று நகரத்துக்கு நீரைக் கொண்டுவருவதோடு, மலையிலிருந்து இறங்கும் நீருக்கு வழிவிடுவதும் தேவையாகிவிட்டது. அவ்வழியைக் காத்தால் அடிவாரக் குளங்கள் நிரம்பும். அடிவார வீடுகளும் நிலைக்கும்.