மேடம் சுல்-டி-வான்: இழிவுபடுத்திய படத்தில் வாங்கிய கூலி

1915 பிப்ரவரியில் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் ஒரு மௌனப்படம் வெளியானது. டி.டபிள்யூ. கிரிஃபித் இயக்கிய 'தி பர்த் ஆஃப் எ நேஷன்'. கறுப்பர்களைக் காமவெறியர்களாகச் சித்திரித்து, அவர்களை வேட்டையாடிய கு கிளக்ஸ் கிளான் கும்பலை மீட்பர்களாகக் காட்டிய படம். முக்கியக் கறுப்புப் பாத்திரங்களில் நடித்தவர்கள் முகத்தில் கரி பூசிய வெள்ளையர்கள். அந்த ஆண்டே கிளான் மீண்டும் தொடங்கப்பட்டது. சினிமா வரலாறு எழுதுபவர்கள் இன்றும் இதன் தொழில்நுட்பத்தை மெச்சுகிறார்கள். மெச்சட்டும். நாம் பேச வேண்டியது அதில் சிறு வேடங்களில் வந்துபோன ஒரு கறுப்பினப் பெண்ணைப் பற்றி.

மேடம் சுல்-டி-வான். 1873இல் கென்டக்கி மாநிலம் லூயிவில்லில் பிறந்தவர், இயற்பெயர் நெல்லி. அம்மா நாடக நடிகைகளுக்குத் துணி வெளுத்துக் கொடுத்தவர். வெளுத்த துணியைக் கொண்டுபோய்க் கொடுக்கும் சாக்கில் அரங்குக்குள் நுழைந்துதான் நெல்லி நடிப்பைப் பார்த்தார். பிற்பாடு மேடையேறினார். கலிஃபோர்னியாவுக்கு வந்தபின் கணவர் கைவிட்டுப் போக, மூன்று பிள்ளைகளோடு வேலை தேடி கிரிஃபித்திடம் போய் நின்றார். நாளுக்கு 3 டாலர். வேலையைப் பார்த்ததும் 5 டாலர் ஆக்கினார்கள்.

பசித்த பிள்ளைகளுக்கு முன்னால் அந்தக் கூலியை மறுத்திருக்க வேண்டும் என்று சொல்ல நமக்கு வாய் வரவில்லை. நம் பாட்டிகள் யாருடைய வயலில் நாற்று நட்டார்கள்?

படம் வந்ததும் கறுப்பர் உரிமைக்கான என்.ஏ.ஏ.சி.பி. அமைப்பு தடை கேட்டுப் போராடியது. உடனே இவர் வேலை பறிபோனது. ஒரு வெள்ளை நடிகையின் புத்தகத்தைத் திருடினார், தன் மக்களைப் படத்துக்கு எதிராகத் தூண்டிவிட்டார் என்று இரண்டு பழிகள். திருட்டுப்பட்டம் எவ்வளவு சுலபமாக நம்மேல் விழும் என்பது சேரியில் பிறந்தவர்களுக்கு விளக்கத் தேவையில்லை. அவர் அழுதுகொண்டு வீட்டுக்குப் போகவில்லை. எட்வர்ட் பர்ட்டன் செருட்டி என்ற கறுப்பின வழக்கறிஞரை அமர்த்தினார். வேலை திரும்பக் கிடைத்தது.

அதே 1915 மார்ச்சில் அந்தப் படம் நியூயார்க்கில் திரையிடப்பட்டது. அண்ணல் அம்பேத்கர் அப்போது அந்நகரின் கொலம்பியா பல்கலைக்கழக மாணவர். படத்தை எதிர்த்த அமைப்பின் தலைவர்களில் ஒருவரான டூ பாய்ஸுக்குத்தான் 1946இல் அவர் கடிதம் எழுதினார்.

ஹாலிவுட்டில் ஒப்பந்தம் பெற்ற முதல் கறுப்பினக் கலைஞர்களில் சுல்-டி-வான் ஒருவர். ஆனால் கிடைத்தவை வேலைக்காரி, அடிமை, காட்டுவாசி வேடங்களே. 'கிங் காங்' (1933) படத்தில் தீவுப் பெண்ணாக வந்தார், பெயர்ப்பட்டியலில் இடமில்லை. 1937இல் 'மெய்ட் ஆஃப் சேலம்' படத்தில் டிட்டுபா என்ற அடிமைப் பெண். பேசும்படம் வந்து எத்தனையோ நட்சத்திரங்கள் காணாமல்போன பிறகும் இவர் நின்றார். 1954இல் முழுக்கக் கறுப்பினக் கலைஞர்கள் நடித்த 'கார்மன் ஜோன்ஸ்' வந்தபோது அதில் பாட்டி வேடம் இவருக்கு. அப்போது வயது 81.

கிரிஃபித்தைப் பற்றி அவர் கடைசிவரை நன்றியோடுதான் பேசினார். இதை மறைத்து அவரைப் போராளியாக மட்டும் காட்ட நாம் விரும்பவில்லை. 1959இல் இறந்தார்.