ரோகிணி சாலியனும் அரசு வழக்கறிஞரின் கடமையும்

பாதிக்கப்பட்டோர் தனி வழக்கறிஞரை அமர்த்தினாலும், அமர்வு நீதிமன்றத்தில் அவர் உதவலாமே தவிர வழக்கை நடத்த இயலாது. நடத்துபவர் அரசு வழக்கறிஞர். அவர் தளர்ந்தால் வழக்கும் தளரும். காரைக்குடியில் சட்டம் பயிலும் மாணவியரிடம் இதை விளக்க நாங்கள் சொல்லும் பெயர், மும்பையின் ரோகிணி சாலியன்.

ஆண்களே நிறைந்திருந்த அத்துறையில் தலைமை அரசு வழக்கறிஞராக உயர்ந்தவர் அவர். ஜே.ஜே. மருத்துவமனைத் துப்பாக்கிச் சூடு, முலுண்ட் குண்டுவெடிப்பு போன்ற வழக்குகளை நடத்தியவர். 2008 செப்டம்பர் 29 அன்று ஆறு உயிர்களைப் பறித்த மாலேகான் குண்டுவெடிப்பு வழக்கில் சிறப்பு அரசு வழக்கறிஞரானார். 2011இல் அவ்வழக்கு தேசியப் புலனாய்வு முகமையிடம் சென்றது. 2014 ஆட்சி மாற்றத்துக்குப் பின், குற்றஞ்சாட்டப்பட்டோரிடம் மென்மை காட்டுமாறு முகமையின் அதிகாரி ஒருவர் தம்மிடம் கூறியதாக, 2015 ஜூனில் நாளிதழ்ப் பேட்டியில் வெளிப்படுத்தினார். முகமை அதை மறுத்தது. 2025 ஜூலை 31 அன்று எழுவரும் விடுவிக்கப்பட்டனர். அத்தீர்ப்பு தனி விவாதத்துக்குரியது. எங்களுக்கு முக்கியம், தமக்கு வந்ததாகக் கருதிய அழுத்தத்தை அவர் விழுங்கிக்கொள்ளவில்லை என்பதே.

நம் மாவட்டத்தின் கச்சநத்தத்தில் 2018 மே மாதம் மூன்று தலித்துகள் கொல்லப்பட்ட வழக்கில், 2022 ஆகஸ்டில் 27 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. இத்தகைய வழக்குகளில், பாதிக்கப்பட்டோர் விரும்பினால் மாவட்ட ஆட்சியர் தேர்ந்த மூத்த வழக்கறிஞரை அமர்த்தலாம் என்கிறது 1995ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்பு விதிகளின் விதி 4(5). கட்டணத்தையும் ஆட்சியரே முடிவு செய்வார். பலரும் அறியாத விதி இது. மனுவை விசாரணை தொடங்குமுன்பே கொடுத்துவிடுங்கள். தகுதியுள்ள பெண் வழக்கறிஞரின் பெயரையும் அதில் தயங்காமல் எழுதுங்கள்.