காளத்தியின் எழுதுகோலும் கடல் கடந்த சீட்டியும்

நம் பாட்டிமார் பாவாடைக்கும் மெத்தை உறைக்கும் எடுத்த பூந்துணியைச் ‘சீட்டி’ என்றனர். ஆங்கிலேயர் அதனைச் ‘சின்ட்ஸ்’ என்றனர். புள்ளி, தெளிப்பு எனப் பொருள்படும் வடநாட்டுச் சொல்லொன்றே இரு திசையிலும் சென்று இவ்விரு வடிவமும் பெற்றது. மேனாட்டு அருங்காட்சியகங்களில் கண்ணாடிப் பேழைக்குள் பழைய சின்ட்ஸ் துணிகளைக் காணும் நம்மவருள் பலர், அவற்றுள் மிகச் சிறந்தவை சோழமண்டலக் கரையில் கையால் எழுதப்பெற்றவை என்பதை அறியாமலே கடந்து செல்கின்றனர். அவ்வெழுத்துக்கலை இன்றும் உயிரோடு விளங்கும் ஊர்களுள் தலையாயது திருக்காளத்தி. தாயகம் விட்டு வாழும் நாம் அதன் வரலாற்றை ஒருமுறை எண்ணிப் பார்த்தல் தகும்.

கண்ணப்பர் கண்ணளித்த ஊராக மட்டுமே காளத்தியை நாம் அறிவோம். வட ஆற்காட்டில் இருந்த அவ்வூர் 1911-இல் சித்தூர் மாவட்டத்திலும், 2022-இல் புதிய திருப்பதி மாவட்டத்திலும் சேர்ந்தது. நம் முன்னோர் பொன்முகலி என்று பாடிய சுவர்ணமுகி ஆறு அதன் அருகே ஓடுகிறது. இக்கலைக்கு அவ்வாறு இன்றியமையாதது. அதன் காரணம் தொழில்முறையைக் கண்டால் விளங்கும்.

வெளுத்த பருத்தித்துணியை எருமைப்பாலும் கடுக்காய்ச் சாறும் கலந்த நீரில் தோய்த்து உலர்த்துவர். பாலின் கொழுப்பு, எழுதும் சாயம் கசிந்து பரவாமல் தடுக்கும். மூங்கிற் குச்சியின் நுனியைக் கூராக்கி, சற்று மேலே கம்பளியோ துணியோ சுற்றி நூலால் இறுகக் கட்டினால் எழுதுகோல் ஆயிற்று. சுற்றிய பகுதியை விரல்கள் அழுத்த, உறிஞ்சிய சாயம் நுனிக்கு இறங்கும். துருப்பிடித்த இரும்பையும் வெல்லத்தையும் நீரிலிட்டு நாட்கணக்கிற் புளிக்கவைத்த கரைசலே கறுப்பு மை. எழுதும்பொழுது வெளிறித் தோன்றும் கோடு, துணியிலுள்ள கடுக்காய்த் துவர்ப்போடு கூடியதும் கறுத்துவிடும்.

சிவப்பு நிறமோ இன்னும் வியப்புடையது. எங்கே சிவப்பு வேண்டுமோ அங்கே படிகாரக் கரைசலைத் தீட்டுவர். பின்னர்ச் சாயவேர் போன்ற செஞ்சாயப் பொருள் இட்ட நீரிற் கொதிக்க வைத்தால், படிகாரம் பட்ட இடம் மட்டும் சாயத்தைப் பற்றிக்கொள்ளும். ஏனைய இடங்களில் ஒட்டிய நிறம், ஓடும் ஆற்றில் அலசி வெயிலிற் காயவைக்க நீங்கும். தேங்கிய நீரில் அலசினால் கழுவிய படிகாரமே மறுபடியும் துணியிற் படிந்து படத்தைக் கெடுக்கும். பொன்முகலி வற்றும் நாட்களில் தொழிலாளர் படும் துன்பம் இதனாலேயே.

‘கலம்காரி’ என்ற பெயர் பாரசீகச் சொல். கலம் என்பது எழுதுகோல். கோல்கொண்டாச் சுல்தான்கள் காலத்தில் மசூலிப்பட்டினத் துறை வழியே பாரசீகத்தோடு நடந்த வாணிகம் தந்த பெயர் அது. தெலுங்கர் இதனை ‘விராத பணி’, அஃதாவது எழுத்துவேலை, என்றனர். பெயர் அயலது என்பதனால் கலையும் அயலது என்று முடிவு கட்டுவார் உண்டு. நாம் அதனை ஒப்பவில்லை. மொகஞ்சதாரோவிற் கிடைத்த பருத்தித் துணுக்கிலேயே செஞ்சாயம் ஏற்றிய அடையாளம் உளது. எனினும், வடிவங்கள் முழுதும் நமக்கே உரியவை என்று வாதிடுவதும் பொருந்தாது.

கொள்வோர் விருப்பறிந்து எழுதியவர் நம் சாயக்காரர். சயாம் நாட்டு அரசவைக்கு அந்நாட்டு மாதிரிகளின்படியே துணிகள் சென்றன. ஜப்பானியர் இத்துணிகளைச் ‘சரசா’ எனப் போற்றித் தேநீர்க் கலங்களுக்கு உறையாக்கினர். சுலவேசித் தீவின் தொராஜா மக்கள் தலைமுறை தலைமுறையாகச் சடங்குப் பொருளாகக் காத்தனர். 1643-இல் இலண்டன் கும்பினியார் சூரத்திலிருந்த தம் ஆட்களுக்கு எழுதியபோது, போர்வைகளில் அடர்சிவப்பு நிலம் இங்கே விலைபோகவில்லை, வெள்ளை நிலத்தின் நடுவே பூங்கொம்பு எழுதச் சொல்க என்றனர். பின்னர் மாதிரிப் படங்களும் வந்தன. சீனப் பாணி என்று கருதி ஆங்கிலேயர் வரைந்ததை நம்மவர் தம் கைப்பழக்கத்தில் எழுத, அதனை வாங்கியவர் கீழ்நாட்டுத் தூய வடிவம் என மகிழ்ந்தனர்! பாறைமேல் வளைந்தெழும் புகழ்பெற்ற ‘உயிர்மரம்’ இவ்வாறு பல நாட்டுக் கைகள் கலந்து வளர்ந்தது.

சென்னை நகரம் தோன்றியதும் இத்துணியின் பொருட்டே எனலாம். வண்ணத்துணி மலிவாகக் கிடைக்கும் என்பது பிரான்சிஸ் டே அக்கரையை விரும்பியதற்கு ஒரு முதன்மைக் காரணம். 1639-இல் அவ்விடத்தை அளித்த தாமர்லா வேங்கடாத்திரி நாயக்கரின் மரபினரே காளத்திப் பாளையத்தை ஆண்டவர்.

ஐரோப்பிய நெசவாளர் கொதித்தெழுந்தனர். பிரான்சு 1686-இல் இத்துணியைத் தடைசெய்து 1759 வரை அத்தடையை வைத்திருந்தது. இங்கிலாந்து 1700-இலும் 1720-இலும் சட்டம் இயற்றியது. தடையைவிடப் பெருங்கேடு விளைத்தது அறிவுப் பெயர்ச்சியே. 1742-இல் கூர்து என்ற ஏசுசபைப் பாதிரியார், தம் சமயம் தழுவிய சாயக்காரரிடம் கேட்டறிந்து தொழில்முறை முழுவதையும் எழுதி அனுப்பினார். அவர்களுக்கு அதனால் என்ன கிடைத்தது என்று எவரும் குறித்து வைத்தாரில்லை. பின்பு எந்திர அச்சும், 1869 முதல் செயற்கைச் செஞ்சாயமும் வந்து வெளிநாட்டுச் சந்தையை அழித்தன.

காளத்தி பிழைத்தது கோயிலால். இறைவன் சந்நிதியில் தொங்கவிடும் இராமாயணத் திரைகள் எந்த அயல்நாட்டுச் சந்தையையும் நம்பியிருக்கவில்லை. தஞ்சைப் பகுதியிலும் இதுவே நிகழ்ந்தது: அரசர் ஆதரவு போனபின் கோடாலிக்கருப்பூர்ச் சேலை மறைந்தது, சிக்கல்நாயக்கன்பேட்டையில் கோயில் தொம்பையும் குடையும் எழுதும் கை நிலைத்தது. காளத்தியிலும் 1950-களில் மிகச் சிலரே எஞ்சினர். கமலாதேவி சட்டோபாத்யாயரின் முயற்சியால் அங்கே பயிற்சி நிலையம் எழுந்தது. அவ்வூர்க் கலைஞர் குரப்ப செட்டி 2008-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார்.

இப்பொழுது ஆலையில் அச்சிட்ட துணிகளும் ‘கலம்காரி’ என்ற பெயரில் விலையாகின்றன. ஊருக்குச் செல்லும் அன்பர்கள் வாங்குமுன் ஒரே பூவைத் துணியின் இரண்டு இடங்களில் ஒப்பிட்டுப் பார்க்க. இரண்டும் அணுவளவும் வேறுபடாதிருப்பின் அது கையால் எழுதியதன்று.