ரேஸ் கணக்குப்பிள்ளைகள்

2013 அக்டோபர் 27 அன்று கிரேட்டர் நொய்டாவில் நடந்த ஃபார்முலா ஒன் ரேஸைப் பற்றி யாரிடம் கேட்டாலும் செபாஸ்டியன் வெட்டலைத்தான் சொல்வார்கள். நான்காவது தடவையாக உலக சாம்பியன் ஆனார், காரைச் சுழற்றிப் புகை கிளப்பினார், இறங்கி அதன் முன் குனிந்து வணங்கினார். எனக்கு அன்றைய நாயகர் மூன்றாவதாக வந்த ரோமன் குரோஷான். அவரையும்விட, முகமே தெரியாமல் லோட்டஸ் அணியில் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தவர்கள்.

தில்லி மோதி பாக்கில் அரசுக் குவார்ட்டர்ஸில் குடியிருந்து, புள்ளிவிவரப் பிரிவில் காலம் தள்ளியவன் நான். எண்களைக் கோத்து வரிசையாக வைப்பதுதான் என் பிழைப்பு. அதனாலோ என்னவோ, ரேஸில் வேகத்தைவிடக் கணக்குத்தான் என்னை இழுத்தது. அதற்கு வித்திட்டவர் என் மாமா. சென்னைக்கு வடக்கே சோழவரத்தில், இரண்டாம் உலகப் போர்க் கால விமான ஓடுதளத்தில் மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் ரேஸ் நடத்திவந்தது. 1953இல் தொடங்கிய கிளப் அது. மாமா ஓட்டியதில்லை, பிட்டில் நின்று நேரம் எடுப்பார். ஒரு கையில் ஸ்டாப்வாட்ச், மடியில் கட்டம் போட்ட காகிதம். ஒவ்வொரு சுற்றிலும் கார்கள் கோட்டைத் தாண்டும் வரிசையில் அவற்றின் எண்களை மேலிருந்து கீழாக எழுதுவார். பிறகு ஒரே எண்ணைச் சுற்றுக்குச் சுற்று கோடிழுத்து இணைப்பார். ஏறுகிற கோடு, இறங்குகிற கோடு, ஒன்றையொன்று வெட்டுகிற கோடு என்று முழு ரேஸும் அந்த ஒரு தாளில் இருக்கும். அதைப் பார்த்துத்தான் பலகையில் எண்ணைச் செருகி, வேலியோரம் டிரைவருக்குத் தூக்கிக் காட்டுவார்கள். உனக்கும் முன்னால் போகிறவனுக்கும் இத்தனை விநாடி, இன்னும் இத்தனை சுற்று. டிரைவரிடம் பேச அன்று வேறு வழி இருக்கவில்லை.

இந்தக் கணக்கு வேலையை வளர்த்தது பெட்ரோலும் டயரும். 1957இல் நூர்பர்க்ரிங்கில் 22 சுற்று ரேஸ். ஹுவான் மானுவல் ஃபாஞ்சியோ பாதி டேங்கோடு கிளம்பினார். கார் லேசாக இருக்கும், முன்னால் ஓடிவிடலாம், நடுவில் நின்று நிரப்பிக்கொள்ளலாம் என்பது திட்டம். பிட்டில் மெக்கானிக்குகள் தாமதித்ததில் கையிலிருந்த விநாடிகள் எல்லாம் போயின. கடைசிக்கு முந்தைய சுற்றில், முன்னால் போய்க்கொண்டிருந்த காலின்ஸையும் ஹாத்தார்னையும் பிடித்து ஜெயித்தார். ஓட்டிய கையைத்தான் உலகம் கொண்டாடுகிறது. பாதி டேங்க் என்ற முடிவு இல்லாவிட்டால் அந்தக் கதையே இல்லை.

பிறகு வெகுகாலம் நடுவில் நிரப்புவதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 1982இல் பிராபம் அணியின் வடிவமைப்பாளர் கார்டன் மர்ரே அதைத் திரும்பக் கொண்டுவந்தார். 1984இல் தடை, 1994இல் அனுமதி, 2010இலிருந்து மறுபடி தடை. விதி மாறும்போதெல்லாம் கணக்கு புதிதாகப் பிறந்தது. 1998 ஹங்கேரியில் ஃபெராரியின் ராஸ் பிரான், இரண்டு நிறுத்தத்தை மூன்றாக மாற்றிவிட்டு, 19 சுற்றில் 25 விநாடி சேர்க்க வேண்டும் என்று ஷுமாக்கரிடம் ரேடியோவில் சொன்னார். ஷுமாக்கர் சேர்த்தார். 2004இல் பிரான்ஸில் அதே அணி நான்கு தடவை நிறுத்தி ஜெயித்தது. வியூகம் வகுப்பதற்கென்றே தனி ஆள், தனி மேஜை என்பது இந்தக் காலத்தில்தான் நிலைபெற்றது.

இனி நொய்டாவுக்கு வருகிறேன். இரண்டு வகை டயரையும் ஒரு முறையாவது மாட்டியே ஆகவேண்டும் என்பது விதி. அன்று பிரெல்லி கொண்டுவந்த சாஃப்ட் டயர் வேகமானது, ஆனால் சீக்கிரமே தேய்ந்தது. மீடியம் தாங்கும், கொஞ்சம் மந்தம். பிட்டுக்குள் வந்து போனால் இருபது விநாடி பறிபோகும். ஆக, கேள்வி ஒன்றுதான்: சாஃப்டை எப்போது கழற்றி எறிவது?

முதலிடத்தில் கிளம்பிய வெட்டலை ரெட் புல் இரண்டாவது சுற்று முடிந்ததுமே உள்ளே கூப்பிட்டது. கூட்டம் திகைத்தது. பின்வரிசைக்குப் போய்விட்டு ஒவ்வொருவராகத் தாண்டி வந்து, கிட்டத்தட்ட 30 விநாடி இடைவெளியில் ஜெயித்தார். நம் பெயரைத் தாங்கிய ஃபோர்ஸ் இந்தியா தன் இரண்டு காரையும் இரண்டு எதிரெதிர் திட்டத்தில் ஓட்டியது. டி ரெஸ்டா சாஃப்டை உடனே கழற்றினார். சுட்டில் மீடியத்தில் கிளம்பி இழுத்துக்கொண்டே போனார். 8ஆம் இடம், 9ஆம் இடம். இரண்டு காருக்கும் புள்ளி கிடைத்தது.

குரோஷான் கதை வேறு. சனிக்கிழமை தகுதிச் சுற்றில் சாஃப்டை மிச்சம் பிடிக்கலாம் என்று லோட்டஸ் அவரை மீடியத்திலேயே அனுப்பியது. கணக்கு பொய்த்தது, 17ஆம் இடம். மறுநாள் அதே மேஜை துணிந்து ஒரே நிறுத்தம் என்றது. ரேஸில் பாதிக்கும் மேல் ஒரே மீடியம் டயரில் அவர் தாக்குப்பிடித்து, 17இலிருந்து மூன்றுக்கு வந்தார். அதே அணி, அதே கார், அதே யோசனை. அணியின் இன்னொரு டிரைவர் ரைக்கோனனுக்கோ கடைசியில் டயர் செத்து ஏழாமிடம். ஒரே யோசனை ஒருவரைத் தூக்கிவிட்டு இன்னொருவரைக் கவிழ்த்ததைப் பார்வையாளர் மேடையில் உட்கார்ந்து, மாமா பழக்கிய மாதிரியே நோட்டில் கோடிழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்தத் தாளுக்கு இணையாக வேறெந்த ரேஸின் தாளும் என்னிடம் இல்லை. அப்படிப்பட்ட ரேஸ் நம் ஊரில் அதோடு நின்றுபோனது. 2011இல் தொடங்கி மூன்றே தடவை. உத்தரப் பிரதேச அரசு இதை விளையாட்டு என்று ஏற்காமல் கேளிக்கைக் கணக்கில் வரி கேட்டது முக்கியக் காரணம். இந்த இழப்பு எனக்கு இன்னும் ஆறவில்லை.

சோழவரத்தில் என்சைன் கார் ஓட்டிய விஜய் மல்லையா வாங்கி நடத்திய அணிதான் அன்று இரண்டு திட்டத்தில் ஓடிய ஃபோர்ஸ் இந்தியா. பின்னால் அந்தப் பெயர் போனாலும் கணக்குப் போடும் மேஜை போகவில்லை. பெல்ஃபாஸ்ட் குயின்ஸ் பல்கலைக்கழகத்தில் மெக்கானிக்கல் எஞ்சினியரிங் படித்து, மெக்லாரனில் பயிற்சிப் பொறியாளராகச் சேர்ந்த பெர்னி காலின்ஸ் 2015இல் அங்கே வந்தார். பிறகு வியூகப் பிரிவின் தலைமைக்கே உயர்ந்தார். 2020 சாகிர் ரேஸில், அதே அணி ரேசிங் பாயின்ட் என்ற பெயரில் ஓடியபோது, முதல் சுற்றில் கடைசி இடத்துக்குத் தள்ளப்பட்ட செர்ஜியோ பெரெஸ் ஜெயித்தார். வியூகத்துக்குத் தலைமை தாங்கியவர் காலின்ஸ்.

2024 செப்டம்பர் 1 அன்று சென்னைத் தீவுத்திடலைச் சுற்றி இரவு ரேஸ் நடந்தது. அதே நாள் இத்தாலியில் மோன்சா ஃபார்முலா ஒன் ரேஸ். அன்று ஃபெராரியில் வியூகத் தலைவர் ரவின் ஜெயின். மெக்லாரன் இரண்டு தடவை நிறுத்தியது. ஃபெராரி லெக்லேரை ஒரே தடவை நிறுத்தி, 38 சுற்று அதே ஹார்ட் டயரில் ஓடவிட்டது. மெக்லாரனின் பியாஸ்ட்ரி சுற்றுக்குச் சுற்று நெருங்கியும் கடைசியில் இரண்டரை விநாடிக்குக் கொஞ்சம் அதிகமாகவே பின்தங்கினார். லெக்லேர் கோட்டைத் தாண்டும்வரை நான் நாற்காலியில் உட்காரவில்லை.