பழையபடி வைத்துவிட்டு எழுந்திரு: எல்லையோர கேம் கடைகளின் கதை

பாலக்காடு மாவட்டத்தின் கிழக்கு ஓரத்தில், கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், மீனாட்சிபுரம், கோவிந்தாபுரம் என்று தமிழ் பேசும் ஊர்கள் வரிசையாக உண்டு. கடைத்தெருப் பேச்சில் பொள்ளாச்சியும் பாலக்காடும் கலந்தே இருக்கும். இந்த ஊர்களில் ஒரு தொழில் கண்முன்னே பிறந்து கண்முன்னே மறைந்துபோனது. மணிக்கு இவ்வளவு என்று காசு வாங்கிக்கொண்டு வீடியோ கேம் ஆடவிடும் கடைதான் அது. கொழிஞ்சாம்பாறையில் நானும் அப்படி ஒரு கடை வைத்திருந்தேன். இப்போது அதே கடையில் செல்போன் சர்வீஸ் பார்க்கிறேன்.

அந்தக் கடைகளுக்கு ஒரு சட்டம் இருந்தது. ஆட்டம் முடிந்து எழுந்திருப்பவன் செட்டிங்கைப் பழையபடி வைத்துவிட்டு எழுந்திருக்க வேண்டும். எழுதி ஒட்டாத சட்டம்தான், ஆனால் எல்லாப் பையன்களுக்கும் தெரியும். ஒரு மெஷினில் நாளெல்லாம் பல பேர் உட்காரும் இடத்தில் அது இல்லாமல் கடை நடக்காது. அந்தப் 'பழையபடி' ஒவ்வொரு காலத்திலும் எங்கே இருந்தது, எப்படிக் கைக்கு வந்தது, எப்படிக் கைநழுவியது என்பதைப் பார்த்தால் இந்தத் தொழிலின் வரலாறே தெரிந்துவிடும்.

கேம் கடைக்கு முன்னோடி வீடியோ டெக் வாடகைக் கடை. மூணாறில் என் மாமா ஒருவர் அந்தத் தொழிலில் இருந்தார். தேயிலைத் தோட்ட லயங்களில் சம்பள நாள், திருவிழா, கல்யாணம் என்றால் டெக்கும் கேசட்டும் வாடகைக்குப் போகும். சரக்கு வந்த வழி மலைப்பாதைகள்தான். மூணாறுக்கு மறையூர் வழியே உடுமலையிலிருந்தும் போடிமெட்டு வழியே போடியிலிருந்தும் வரும். குமுளிக்குக் கம்பத்திலிருந்து ஏறும். எங்களுக்குப் பொள்ளாச்சியும் கோவையும். தொண்ணூறுகளில் அந்த டெக் பெட்டிகளோடு சேர்ந்துதான் 'டிவி கேம்' வந்தது.

நம் ஊருக்கு வந்தவற்றில் பெரும்பாலானவை, நின்டெண்டோ கம்பெனி 1983 ஜூலையில் ஜப்பானில் விற்பனைக்கு விட்ட ஃபேமிகாம் மெஷினின் நகல்கள். மெஷின் மேலேயே ரீசெட் பட்டன் இருக்கும். அதற்கும் முந்திய தலைமுறை, அமெரிக்காவில் 1977-ல் வந்த அட்டாரி. அதில் செட்டிங் எல்லாமே கையால் தள்ளும் சுவிட்சுகள். கலரா கறுப்பு வெள்ளையா என்பதற்கு ஒன்று, எளிதா கடினமா என்பதற்கு இடதுக்கும் வலதுக்கும் ஒவ்வொன்று, ஆட்டத்தைத் தேர்ந்தெடுக்க ஒன்று, திரும்பத் தொடங்க ஒன்று. அதன் வேலை நினைவகம் மொத்தமே 128 பைட். சுவிட்ச் எந்தப் பக்கம் நிற்கிறதோ அதுதான் செட்டிங். கண்ணால் பார்த்தே தெரிந்துகொள்ளலாம்.

நம் ஊர் டிவி கேமுக்கும் நினைவு கிடையாது. கரண்டு போனால் எல்லாம் போச்சு. மரியோ, கான்ட்ரா, பையன்கள் 'டாங்க் கேம்' என்று கூப்பிட்ட பேட்டில் சிட்டி, எதுவானாலும் அப்படித்தான். பேட்டில் சிட்டியில் ஆடுபவனே செங்கல்லும் இரும்பும் வைத்துக் களம் கட்டிக்கொள்ள ஒரு வசதி உண்டு. ஒரு பையன் தன் கோட்டையைச் சுற்றி நாலு வரிசை இரும்புச் சுவர் எழுப்பி முடிக்கும் நேரம் பார்த்து அரை மணி நேர லோடு ஷெட்டிங் வரும். கரண்டு திரும்பி வந்து மெஷினைப் போட்டால் கம்பெனி வைத்த களம்தான் நிற்கும். அழாத குறையாக மறுபடி முதலிலிருந்து கட்டுவான். ஆனால் கடைக்காரனுக்கு இதைப் போல நிம்மதி பின்னால் எந்தக் காலத்திலும் வாய்க்கவில்லை. ஒரு தடவை அணைத்துப் போட்டால் அடுத்து வருகிறவனுக்கு மெஷின் புதுசு. முந்தினவன் விட்டுப்போனது ஒன்றும் இருக்காது.

மெஷினுக்கு நினைவு வரத் தொடங்கியதும் இந்த நிம்மதி போனது. 1987-ல் அமெரிக்காவில் வந்த லெஜண்ட் ஆஃப் ஜெல்டா கேசட்டின் உள்ளே சின்ன பேட்டரி வைத்து ஆட்டத்தைச் சேமித்தார்கள். அதை அணைக்கும்போது ரீசெட் பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டே பவரை அணைக்கச் சொன்னார்கள். சேமித்தது கெட்டுப்போகாமல் இருக்க அந்த ஏற்பாடு. திரும்பத் தொடங்குவதற்கென்று இருந்த பட்டன் காப்பாற்றும் பட்டனாகவும் ஆனது.

எங்கள் கடைகளுக்கு நினைவு வந்தது பிளேஸ்டேஷனோடு. முதல் மெஷின் 1994 டிசம்பரில் ஜப்பானில் வந்தது. அதன் மெமரி கார்டு 128 கேபி, அதில் 15 கட்டங்கள். 2000-ல் வந்த பிளேஸ்டேஷன் 2-க்கு எட்டு எம்.பி. கார்டு. கேரளத்தில் பந்து விளையாட்டு என்றால் சொல்லவே வேண்டாம். எங்கள் கடையை நடத்தியது புரோ எவல்யூஷன் சாக்கர்தான். 2006-ல் வந்த ஆறாம் பதிப்பில் எல்லாக் கிளப்புகளின் பெயர் உரிமையும் கம்பெனிக்கு இல்லை. லிவர்பூல் அணி 'மெர்சிசைட் ரெட்' என்றும் செல்சி 'லண்டன் எஃப்.சி.' என்றும்தான் திரையில் வரும். அந்தப் பெயர்களையும் ஜெர்சிகளையும் சரிசெய்த 'ஆப்ஷன் ஃபைல்' மெமரி கார்டில் ஏற்றித் தரப்படும். அது இருக்கும் கடைக்குத்தான் கூட்டம்.

இங்கேதான் 'பழையபடி' என்பது இரண்டாகப் பிரிந்தது. கம்பெனி வைத்த பழையபடி ஒன்று, கடை வைத்த பழையபடி ஒன்று. ஒரு பையன் கன்ட்ரோலரில் பாஸ் பட்டனையும் ஷூட் பட்டனையும் இடம் மாற்றி வைத்துவிட்டுப் போவான். அடுத்தவன் உட்கார்ந்ததும் கத்துவான், "அண்ணா, இவன் செட்டிங்கெல்லாம் மாத்திப் போட்டுப் போயிட்டானுங்கண்ணா!" கார்டைக் கழற்றிவிட்டு ஆட்டத்தைத் தொடங்கினால் கம்பெனி செட்டிங் வந்துவிடும். ஆனால் லிவர்பூலும் கார்டோடு போய்விடும். அதனால் எல்லாம் சரியாக உள்ள ஒரு கார்டை 'மாஸ்டர்' என்று பேனாவால் எழுதி மேசை டிராயரில் பூட்டி வைப்போம். கெட்டுப்போன கார்டின் மேல் அதிலிருந்து நகலெடுத்துப் போடுவோம். மெஷினின் இரண்டு கார்டு துளைகளும் எங்களுக்கு உண்மையில் பயன்பட்டது இந்த வேலைக்குத்தான்.

கம்ப்யூட்டர் வந்தபோது செட்டிங் ஒரு கோப்பாக வெளியே வந்து உட்கார்ந்தது. 1993-ல் வந்த டூம் ஆட்டத்திலேயே அந்த ஏற்பாடு இருந்தது. அதன் செட்டிங் எல்லாம் 'டீஃபால்ட்.சி.எஃப்.ஜி' என்ற ஒரே கோப்பில். அதை அழித்தால் அடுத்த தடவை ஆட்டம் தானே புதிதாக ஒன்றை எழுதிக்கொள்ளும். எங்கள் பையன்களின் கவுண்ட்டர் ஸ்ட்ரைக்கிலும் அதே வழி. அதில் கீபோர்டு பக்கத்தில் 'யூஸ் டீஃபால்ட்ஸ்' என்று ஒரு பட்டன் உண்டு. அது கீகளை மட்டும்தான் திருப்பும். ஒருவன் 'ரிவர்ஸ் மவுஸ்' என்ற கட்டத்தில் டிக் போட்டுவிட்டுப் போனால் அதை அந்தப் பட்டன் தொடாது. அடுத்து வந்தவன் எதிரியைப் பார்க்க மவுஸை மேலே தள்ளினால் தரையைப் பார்ப்பான். அதற்குள் சுடப்பட்டுவிடுவான். சுத்தமான ஒரு 'கான்ஃபிக்' கோப்பை எழுத முடியாதபடி பூட்டி வைப்பதுதான் கடைக்காரர்கள் கண்ட மருந்து. கொஞ்சம் வசதியுள்ள கடைகள் 'டீப் ஃப்ரீஸ்' மென்பொருளைப் போட்டன. மெஷினை ரீஸ்டார்ட் செய்தால் போதும், யார் என்ன மாற்றியிருந்தாலும் பழைய நிலைக்கு வந்து நிற்கும். டிவி கேம் காலத்து நிம்மதியைக் காசு கொடுத்துத் திரும்ப வாங்கியது போலத்தான்.

வைஸ் சிட்டி ஆட்டத்தில் இன்னும் தெளிவு. மை டாக்குமென்ட்ஸ் உள்ளே அதன் ஃபோல்டரில் செட்டிங் ஒரு கோப்பிலும், சேமித்த ஆட்டங்கள் எட்டு இடங்களில் தனித்தனிக் கோப்பாகவும் இருக்கும். படம் வராமல் கறுப்பாக நின்றால் செட்டிங் கோப்பை மட்டும் தூக்கினால் போதும். பையன் பாதி ஊரைச் சுற்றிச் சேர்த்த காசுக்கும் வீட்டுக்கும் ஒன்றும் ஆகாது. செட்டிங் வேறு, சேமிப்பு வேறு என்பதை எனக்குக் கற்றுக்கொடுத்தது இந்த ஆட்டம்தான்.

அதே பாடம் எங்கள் பள்ளிக்கூடங்களிலும் நடந்தது. கேரள அரசு 2001-ல் ஐ.டி. அட் ஸ்கூல் திட்டத்தைத் தொடங்கி, பின்னர் பள்ளிகளைக் கட்டற்ற மென்பொருளுக்குக் கொண்டுபோனது. சித்தூர், மூணாறு பக்கத்துத் தமிழ்வழிப் பள்ளிப் பிள்ளைகளும் லினக்ஸில்தான் மவுஸ் பிடிக்கக் கற்றார்கள். ஜிகாம்ப்ரி, டக்ஸ் பெயிண்ட் என்று விளையாட்டுகள் அதிலேயே உண்டு. லினக்ஸில் ஒவ்வொருவரின் செட்டிங்கும் அவரவர் ஃபோல்டரில், பெயருக்கு முன்னால் புள்ளி வைத்த மறைவுக் கோப்புகளில் இருக்கும். அதைத் தெரிந்துகொண்ட பையன் என் கடைக்கு வந்தால், நான் சொல்லும் முன்பே பிரச்சினை எங்கே என்று தேடிப் பார்ப்பான்.

எக்ஸ்பாக்ஸ் 360-ஐ 2006 செப்டம்பரில் மைக்ரோசாஃப்ட் இந்தியாவில் இறக்கியது. அதோடும் பிளேஸ்டேஷன் 3-ஓடும் வேறொரு தொல்லை வந்தது. புது எல்.சி.டி. டிவிக்கு வைத்த செட்டிங்கோடு மெஷினைப் பழைய பெட்டி டிவியில் மாட்டினால் திரையே வராது. திரை வராதபோது மெனுவுக்குள் போவது எப்படி? பிளேஸ்டேஷன் 3-ல் பவர் பட்டனை இரண்டாவது 'பீப்' கேட்கும்வரை பிடிக்க வேண்டும். எக்ஸ்பாக்ஸில் மெஷின் எழும்போது 'ஒய்' பட்டனோடு வலது டிரிக்கரையும் அழுத்த வேண்டும். இந்தக் கைப்பழக்கம் கடைக்குக் கடை வாய்வழியாகத்தான் பரவியது. பொள்ளாச்சியில் ஒருவர் சொல்ல நான் கேட்டேன், நான் சொல்ல மறையூர்க்காரர் கேட்டார்.

பிறகு ஆட்டம் மொத்தமும் போனுக்குள் போனது, கடைகள் ஒவ்வொன்றாக மூடின. பழைய நோக்கியா போனில் இரண்டு எண்கள் எங்களுக்கு மனப்பாடம். நட்சத்திரம், ஹேஷ், 7780, ஹேஷ் போட்டால் செட்டிங் மட்டும் திரும்பும். 7370 போட்டால் எல்லாமே துடைத்துவிடும். ஆண்ட்ராய்டிலும் அதே இரட்டை வாசல். 'கிளியர் கேஷ்' தொந்தரவில்லாதது. அதன் பக்கத்திலேயே இருக்கும் 'கிளியர் டேட்டா' ஆட்டத்தின் செட்டிங்கோடு போனில் சேமித்ததையும் அழித்துவிடும். இன்றைய பிளேஸ்டேஷனில் பாதுகாப்பு முறையில் தொடங்கினால் செட்டிங்கை மட்டும் திருப்பும் வரியும் மெஷினையே துடைக்கும் வரியும் ஒரே பட்டியலில் நிற்கின்றன. எக்ஸ்பாக்ஸ் மட்டும், ஆட்டங்களை வைத்துக்கொண்டு ரீசெட் செய்யவா, எல்லாவற்றையும் எடுத்துவிடவா என்று நேராகக் கேட்கிறது. அந்த நேர்மையை எல்லாக் கம்பெனியும் கற்க வேண்டும்.

மறுபக்கமும் உண்டு. கம்ப்யூட்டர் ஆட்டங்கள் வாங்கும் ஸ்டீம் தளத்தில், கோப்புகளை இணையத்தில் வைத்து ஒத்திசைக்கும் 'கிளவுட்' வசதி 2008 முதல் இருக்கிறது. கம்ப்யூட்டரில் செட்டிங் கோப்பை அழித்தாலும் கெட்டுப்போன அதே கோப்பு மேகத்திலிருந்து இறங்கி வந்து உட்காரும். முதலில் அந்த ஒத்திசைவை நிறுத்தினால்தான் வழி. அன்றைக்கு எதுவும் மிஞ்சவில்லை என்று பையன் புலம்பினான், இன்றைக்கு எதுவும் போக மாட்டேன் என்கிறது.

இப்போது என் கடைக்கு வருகிறவர்களில் பாதிப்பேர் வீட்டுக்கு ஒரே போன் வைத்திருப்பவர்கள். அண்ணன் ஆடிய பி.ஜி.எம்.ஐ.-யில் தம்பி பட்டன்களை இடம் மாற்றிவிட்டான் என்று வருகிறார்கள். ஆட்டத்துக்குள்ளேயே கன்ட்ரோல் பக்கத்தில் ரீசெட் இருக்கிறது, அதோடு முடியும். இப்படி ஒரு வழி இருப்பது தெரியாமல் வேறு ஆட்டங்களில் ஆப்பையே அழித்து, கணக்கில்லாமல் கெஸ்ட்டாக நுழைந்து ஆடிச் சேர்த்ததை நிரந்தரமாக இழந்த பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். மாதக்கணக்கில் ஆடிச் சேர்த்தது ஒரு பிள்ளைக்குச் சின்ன விஷயம் இல்லை.

ஆகவே பெற்றோருக்கும் பிள்ளைகளுக்கும் பழைய கடைக்காரனாக நான் சொல்வது இவ்வளவுதான். ஆட்டத்துக்குள் இருக்கும் ரீசெட்டை முதலில் தேடுங்கள். கிடைக்காவிட்டால் செட்டிங் கோப்பை மட்டும் பெயர் மாற்றிப் பாருங்கள், அழிக்காதீர்கள். போனில் கை வைக்கும் முன் ஆட்டத்தை ஒரு கணக்கோடு இணைத்து, சேமித்தது அதில் ஏறிவிட்டதா என்று பாருங்கள். மொத்தமாகத் துடைப்பது கடைசி வழியாக இருக்கட்டும். ஒரே போனை நாலு பேர் பிடிக்கிற வீட்டில், ஆடி முடித்ததும் பழையபடி வைத்துவிட்டுக் கொடுக்கும் பழக்கத்தைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுங்கள். எங்கள் கடைகள் போய்விட்டன, அந்தச் சட்டம் போக வேண்டியதில்லை.