'சவரி' என்றால் புது வீடு



உறுப்பினர் பதிவேட்டைப் புதுப்பிப்பதற்காக நம் சங்கம் வீட்டுக்கு வீடு படிவம் கொடுத்தது நினைவிருக்கும். நிரப்பி வந்த படிவங்களைச் சரிபார்க்கும் வேலை என் தலையில் விழுந்தது. அதில் ஒரு படிவம் என்னை நிறுத்திவிட்டது. ஒரே பாட்டிக்கு மூன்று பெயர்கள்! ஞானஸ்நானச் சான்றில் 'சவரி' என்று தொடங்குகிறது. அடையாள அட்டையில் அது 'சபரி'. வங்கிப் புத்தகத்தில் 'சாவித்திரி'.

யாரோ ஒருவருக்கு அது எழுத்துப் பிழையாகப் பட்டிருக்கிறது, நல்லெண்ணத்தில் திருத்திவிட்டார். அதனால் அந்தப் பாட்டியின் குடும்ப ஓய்வூதியம் ஏழு மாதம் நின்றுபோனது. விசாரிக்கப் போனபோது பாட்டி சொன்னார்: "எங்கப்பா வெச்ச பேருங்க. இப்படி ஒரு பேரே கிடையாது, அர்த்தமே இல்லைன்னு சொல்லிட்டாங்க."

பாட்டி, அர்த்தம் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

ஸ்பெயினின் வடக்கே நவார் என்ற பகுதியில் ஒரு கோட்டை வீடு. பெயர் சேவியர். அங்கு பேசப்பட்ட பாஸ்க் மொழியில் 'எச்சே' என்றால் வீடு, 'பெர்ரி' என்றால் புதிது. 'எச்சேபெர்ரி' என்பது மருவித்தான் 'சேவியர்' ஆனது. 1506-இல் அங்கு பிறந்த பிரான்சிஸ் சேவியர் 1542-இல் கோவா வழியாக நம் முத்துக்குளித்துறைக் கடற்கரைக்கு வந்தார். தமிழர் வாயில் அவர் சவேரியார் ஆனார். அவர் நினைவாகச் சவரிமுத்து, சவரியப்பன், சவரியம்மாள் என்று பிள்ளைகளுக்குப் பெயர் வைத்தார்கள். ஆக, 'சவரி' என்றால் புது வீடு. புது வீடு வாங்கிக் குடிவந்திருக்கும் நமக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் உண்டா?

இப்படி ஐரோப்பாவிலிருந்து தமிழுக்கு வந்த பெயர்கள் ஏராளம். அவை வந்த வழிகள் மூன்று.

முதல் வழி, ஒலி. போர்ச்சுகீசியர் சொன்னதை நம்மவர் காதில் விழுந்தபடி சொன்னார்கள். அவர்களின் 'ஜுசே' நமக்குச் 'சூசை'. 'சாந்தியாகோ' நமக்குச் 'சந்தியாகு'. இந்தச் சந்தியாகுவும், யாகப்பரும், ஆங்கிலத்தின் ஜேம்ஸும், ஜேக்கப்பும் ஒரே எபிரேயப் பெயரின் கிளைகள்.

இரண்டாம் வழி, பொருள். இதுதான் எனக்கு மிகவும் பிடித்தது. லத்தீனில் 'பவுலுஸ்' என்றால் சிறியவர். தமிழில் சின்னப்பர் ஆக்கினார்கள். கிரேக்கத்தில் 'ஸ்தெபானோஸ்' என்றால் மகுடம், தமிழில் முடியப்பர். 'யோகனான்' என்ற எபிரேயப் பெயருக்குக் கடவுள் அருள் புரிந்தார் என்று பொருள்; தமிழில் அருளப்பர். அதே பெயர்தான் ஆங்கிலத்தில் ஜான், பிரெஞ்சில் ழான், ஸ்பானிஷில் ஹுவான், இத்தாலியனில் ஜியோவான்னி, ரஷ்யனில் இவான், அயர்லாந்தில் ஷான். 1693-இல் ஓரியூரில் கொல்லப்பட்ட போர்ச்சுகீசியத் துறவி ஜான் டி பிரிட்டோ, தமிழில் அருளானந்தர் என்று அழைக்கப்பட்டதும் இதனால்தான். அப்பா பெயர் சின்னப்பன், மகன் பெயர் பால் என்று இருந்தால், மகனுக்கு நாகரிகப் பெயர் வைத்ததாக நினைக்கிறோம். உண்மையில் இரண்டும் ஒரே பெயர்.

இத்தாலியிலிருந்து வந்த பெஸ்கியின் முதற்பெயர் கான்ஸ்டன்சோ. உறுதி உடையவர் என்று பொருள். அதையே அவர் 'தைரியநாதர்' ஆக்கிக்கொண்டார். பிறகுதான் வீரமாமுனிவர் என்ற பெயர் நிலைத்தது. 'ஜோசப்' என்றால் பெருகச் செய்வார் என்று பொருள். அதனால் தேம்பாவணியில் சூசையப்பருக்கு அவர் வைத்த பெயர் 'வளன்'. 2022-இல் புனிதராக அறிவிக்கப்பட்ட தேவசகாயமும் அப்படியே. லாசரு என்ற பெயருக்குக் கடவுள் உதவினார் என்று பொருள்.

மூன்றாம் வழி, மாதாவின் பட்டப்பெயர்கள். வியாகுலமேரி என்ற பெயரைக் கேட்டு, 'பெண் குழந்தைக்குத் துயரம் என்றா பெயர் வைப்பார்கள்?' என்று வியந்திருப்பீர்கள். ஸ்பானிஷ்காரர்களும் அதையேதான் வைக்கிறார்கள்: டொலோரஸ் என்றால் துயரங்கள். நம் ஜெபமாலை அங்கே ரொசாரியோ. வெயில் கொளுத்தும் தூத்துக்குடியின் பனிமயம் அங்கே நியேவஸ், அதாவது பனி. நம் மாவட்டத்தில் கோவிலூர், பி. பள்ளிப்பட்டி பக்கம் போனால் இப்படிப்பட்ட பெயர்களை இன்றும் கேட்கலாம்.

இதெல்லாம் கிறிஸ்தவர்களின் கதை மட்டும் என்று நினைத்துவிடாதீர்கள். சூசையும் யூசுப்பும் ஒருவரே. மேரியும் மரியமும் ஒருவரே. கிரேக்கத்தில் 'அலெக்சாண்டர்' என்றால் மனிதரைக் காப்பவர். அரபு, பாரசீகம் வழியாக நம்மிடம் வந்தபோது அது சிக்கந்தர். மார்கரெட் என்றால் முத்து. லூசியில் இருப்பது ஒளி, ஐரீன் என்றால் அமைதி. நம் லிஃப்டில் ஒரு முத்துலட்சுமியும் ஒரு ஜோதியும் ஒரு சாந்தியும் ஏறினால், அந்த மூன்று பேரும் ஐரோப்பாவிலும் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நம் ஊருக்கு வருவோம். 1792-இல் திப்பு சுல்தானிடமிருந்து பாரமகால் பகுதி கம்பெனியின் கைக்குப் போனது. அதை நிர்வகிக்க வந்தவர் அலெக்சாண்டர் ரீட். அவருடைய உதவியாளர்களில் ஒருவர் தாமஸ் மன்றோ. 1799 வரை இப்பகுதியில் பணியாற்றியவர், தருமபுரியில் குடியிருந்தவர். 'தாமஸ்' என்பது அரமேய மொழிச் சொல். இரட்டைப் பிள்ளை என்று பொருள். சென்னையின் சாந்தோமில் இருப்பதும் அதே தோமையார்தான். மன்றோ பின்னர் ராயலசீமைக்குப் போனார். மதராஸ் கவர்னராகி, 1827-இல் அங்கே பத்திகொண்டாவில் காலராவில் இறந்தார். அந்தப் பக்கத்து மக்கள் தங்கள் பிள்ளைகளுக்கு 'முன்ரோலப்பா' என்று பெயர் வைத்தார்கள். ஸ்காட்லாந்துக் குடும்பப் பெயரோடு நம் 'அப்பா' சேர்ந்துகொண்டது. அந்தப் பிள்ளைகளின் பெயரையும் பிழை என்று யாராவது திருத்தியிருந்தால், ஊர் காட்டிய நன்றிக்கே தடயம் இருந்திருக்காது.

பெயர் என்பது பெற்றவர்கள் நமக்குக் கொடுக்கும் முதல் சொத்து. நமக்குப் புரியவில்லை என்பதால் அது தவறாகிவிடாது. ஆகவே இரண்டு வேண்டுகோள்கள்.

ஒன்று: படிவத்தில் பெயரை உங்கள் ஆவணத்தில் உள்ளபடியே, தமிழிலும் ஆங்கிலத்திலும், பெரிய எழுத்தில் எழுதுங்கள். வீட்டுப் பெரியவர்களின் பெயரை அவர்களிடமே ஒருமுறை கேட்டு எழுதுங்கள். ஆவணத்துக்கு ஆவணம் பெயர் மாறியிருந்தால் இப்போதே சரிசெய்துவிடுங்கள்; ஓய்வூதியம் நின்ற பிறகு அலைவது மிகவும் கடினம்.

இரண்டு: உங்கள் பெயரை உங்களுக்கு வைத்தது யார், ஏன் வைத்தார்கள் என்று நான்கு வரி எழுதிச் சங்க அலுவலகத்தில் கொடுங்கள். அடுத்த இதழில் சேர்க்கப் பார்க்கிறோம்.

பாட்டியின் பெயர் நம் பதிவேட்டில் 'சவரி' என்றே ஏறிவிட்டது. பொருளைச் சொன்னதும் சிரித்துவிட்டு, "அப்ப நான்தான் இந்தப் பில்டிங்குக்குப் பொருத்தமான ஆளு," என்றார். அடுத்த முறை லிஃப்டில் பார்த்தால், அவரை அவர் பெயரைச் சொல்லி 'பாட்டி' என்று கூப்பிட்டுப் பாருங்கள்.